கணக்கு மேலே இருக்கிறது

2022 நவம்பர் முதல் வாரம். ‘கேஜிஎஃப்’ இரண்டாம் பாகத்தின் பாட்டை ராகுல் காந்தியின் நடைப்பயண வீடியோவில் ஒட்டிவிட்டார்கள் என்று எம்ஆர்டி மியூசிக் என்ற பெங்களூரு பாட்டுக் கம்பெனி போலீஸுக்குப் போனது. கோர்ட்டுக்கும் போனது. காங்கிரஸ் கட்சியின் ட்விட்டர் கணக்கையே முடக்கச் சொன்னது கோர்ட். மறுநாள் உயர் நீதிமன்றம் தலையிட்டு, பாட்டை எடுத்துவிட்டால் போதும் என்று அடக்கிவைத்தது. இத்தனை களேபரமும் எவ்வளவு நீளப் பாட்டுக்கு? 45 வினாடி.

45 வினாடிப் பாட்டுக்குச் சொந்தக்காரன் யார் என்பதை இந்த நாட்டு நீதி ஒரே வாரத்தில் கண்டுபிடித்துவிடுகிறது. 120 வருஷம் தோண்டிய தங்கத்தில் தோண்டியவனுக்கு என்ன பங்கு என்று கேட்டால் மட்டும் வாய்தா கொடுக்கிறது.

கோலார் தங்கவயல் மூடப்பட்டது 2001 பிப்ரவரி 28-ல். குடியிருக்கும் லைன் வீட்டையாவது எங்கள் பெயருக்கு எழுதிக்கொடுங்கள் என்று மனுப்போட்டே நரைத்துப்போன ஊர் அது. அதன் பெயரில் மூன்று எழுத்தை உருவி சினிமாக்காரர்கள் படத்துக்கு வைத்தார்கள். இரண்டாம் பாகம் மட்டும் உலகம் முழுக்க 1,200 கோடி ரூபாய்க்கு மேல் வசூல். படத்தில் சுரங்கம் ஒரு அடிமை முகாம். பம்பாயிலிருந்து ஒரு தாடிக்காரன் வந்து மீட்கிறான். நிஜத்தில் அந்தத் தொழிலாளர்கள் 1930-லேயே கைரேகைப் பதிவை எதிர்த்து வேலைநிறுத்தம் செய்தவர்கள். 1946-ல் போலீஸிடம் ஆறு உயிரைப் பறிகொடுத்தவர்கள். யாரும் பம்பாயிலிருந்து வரவில்லை. இந்தக் கதை படத்துக்கு ஆகாது. தாடி இல்லை, டிரம்ஸ் இல்லை. டிரம்ஸுக்குத்தான் காப்புரிமை உண்டு.

ராக் பாட்டுக் கம்பெனிகளைப் பற்றி எழுத உட்கார்ந்தேன். பெரிய கம்பெனிகளை விடுங்கள். அவர்கள் கொள்ளையடிப்பார்கள் என்பது ஊருக்கே தெரியும், அவர்களும் மறைப்பதில்லை. ‘நாங்கள் சுயாதீனம், நாங்கள் மாற்று, நாங்கள் கலைஞர்களின் தோழர்கள்’ என்று சட்டையில் அச்சடித்துக்கொண்டு வருகிற சின்னக் கம்பெனிகளைப் பற்றித்தான் என் பேச்சு. லேபிள் என்கிறார்கள். அதற்கு எதற்குக் கோலார் என்று கேட்பீர்கள். அந்த வியாபாரத்தின் இலக்கணம் முழுக்க அங்கேதான் கிடக்கிறது. கீழே ஒருவன் தோண்டுவான். மேலே ஒருவன் கணக்கு எழுதுவான். கீழே இருப்பவன் கணக்கைப் பார்க்க முடியாது.

1902-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். அந்த வருஷம் ஜூன் மாதம் சிவனசமுத்திரத்தில் காவிரியை மடக்கி எடுத்த மின்சாரம் 147 கிலோமீட்டர் கம்பியில் ஓடி கோலார் சுரங்கத்துக்கு வந்து சேர்ந்தது. பெங்களூரு நகரம் இன்னும் மூன்று வருஷம் எண்ணெய் விளக்கோடு காத்திருந்தது. அதே வருஷம் நவம்பரில் கிராமபோன் கம்பெனியின் கெய்ஸ்பெர்க் கல்கத்தாவுக்கு வந்து கௌஹர் ஜானின் குரலைப் பதிவுசெய்தார். தங்கம் லண்டனுக்குப் போனது. குரல் ஜெர்மனியின் ஹானோவருக்குப் போனது. அங்கே இசைத்தட்டாக அழுத்திக் கப்பலேற்றி நமக்கே கொண்டுவந்து விற்றார்கள். இந்தியாவில் பாட்டு வியாபாரம் பிறந்த வருஷமும் சுரங்கத்துக்கு விளக்கு வந்த வருஷமும் ஒன்று. விளக்கு தொழிலாளி வீட்டுக்கு வந்ததா என்று கேட்காதீர்கள். அவன் இருந்தது மூங்கில் தட்டி வீட்டில். துரைமார் கிளப்பில் நடனம் நடந்தது. ‘குட்டி இங்கிலாந்து’ என்று ஊருக்குச் செல்லப்பெயர் வேறு. வடஆற்காட்டிலிருந்து பஞ்சத்துக்கும் சாதிக்கும் தப்பி வந்தவன் பூமிக்கடியில் பாறை வெடித்துச் செத்துக்கொண்டிருந்தான். அவன் சாவுக்குப் பறை அடித்தார்கள். அதை யாரும் பதிவுசெய்யவில்லை. சந்தை இல்லை போலும்.

ஷிஃப்ட் முடிந்து மேலே வந்தால் சோதனை. தங்கம் கலந்த பொருள் ஒருவன் கையில் அகப்பட்டால், திருடவில்லை என்று நிரூபிக்க வேண்டியது அவன்தான். அப்படித்தான் இருந்தது மைசூர் சமஸ்தானத்துச் சுரங்கச் சட்டம். சுரங்கத்தை நடத்திய ஜான் டெய்லர் கம்பெனி எவ்வளவு எடுத்தது, எவ்வளவு அனுப்பியது என்பதைத் தொழிலாளியிடம் நிரூபிக்க வேண்டியதில்லை. சோதனை கீழிருந்து மேலே வருகிறவனுக்கு மட்டும்.

பாட்டு லேபிள் ஒப்பந்தம் ஒன்றை வாசித்துப் பார்த்தவர்களுக்கு இது புதிதாக இராது.

1993-ல் ஸ்டீவ் அல்பினி என்ற அமெரிக்க ஒலிப்பதிவாளர் ஒரு கட்டுரை எழுதினார். ராக் குழுக்களுக்கு அதுதான் வேதம். படித்துவிட்டுப் போய்க் கையெழுத்துப் போடுவார்கள். இரண்டரை லட்சம் ஆல்பம் விற்றதாக வைத்துக்கொண்ட ஒரு குழுவின் வரவு செலவை அதில் வரி வரியாகப் போட்டார். கம்பெனிக்கு 7,10,000 டாலர். குழுவில் ஆளுக்கு 4,031 டாலர். போதாக்குறைக்குக் குழு கம்பெனிக்குக் கடன்பட்டு நிற்கிறது. அதாவது பாடினவன் பாக்கிக்காரன். கங்காணிமார் வைத்திருந்த பேரேட்டை அவர் பார்த்திருக்க வழியில்லை. ஆனால் அதே கையெழுத்து.

இது பெரிய கம்பெனியின் கதை, சின்னவர்கள் யோக்கியர்கள் என்பீர்கள். சரி. சான் பிரான்சிஸ்கோவில் 1979-ல் ‘ஆல்டர்நேடிவ் டென்டக்கிள்ஸ்’ என்ற லேபிள் பிறந்தது. பெயரிலேயே மாற்று. நடத்தியவர் ஜெல்லோ பியாஃப்ரா. முதலாளித்துவத்தைக் கிழிகிழியென்று கிழித்த டெட் கென்னடிஸ் குழுவின் பாடகர். 2000-ல் அவருடைய சொந்தக் குழுவின் சகாக்களே, எங்களுக்குச் சேர வேண்டிய ராயல்டியைத் தரவில்லை என்று அவர்மேல் போட்ட வழக்கில் ஜெயித்தார்கள். முதலாளித்துவத்தை எதிர்த்துப் பாடிய பாட்டின் காசு அதுவரை முதலாளியிடமே தங்கியிருந்தது. மேடையில் புரட்சி. பெட்டியில் பூட்டு.

இதற்கு நேர் எதிராகவும் ஒரு கிறுக்கர் கூட்டம் இருந்தது. மான்செஸ்டரில் 1978-ல் தொடங்கிய ஃபேக்டரி ரெக்கார்ட்ஸ். ‘பாட்டெல்லாம் கலைஞனுக்கே, கம்பெனிக்கு எதுவும் சொந்தமில்லை’ என்று எழுதி, டோனி வில்சன் தன் ரத்தத்தில் கையெழுத்துப் போட்டார் என்பது அந்த ஊர்ப் பெருமை. 1992-ல் கம்பெனி நொடித்தது. விலைபேச வந்த பெரிய கம்பெனி புத்தகத்தைப் புரட்டிப் பார்த்தால் வாங்குவதற்கு ஒன்றுமே இல்லை. எல்லாம் கலைஞர்களிடம் இருந்தது. உலக இசை வியாபாரத்தில் இன்றுவரை இதைச் சொல்லிச் சிரிக்கிறார்கள். கொடுத்த வாக்கைக் காப்பாற்றியவன் கோமாளி. நம் தேர்தல் அறிக்கை எழுதுகிறவர்களுக்கு இது தெரிந்திருக்கிறது.

இனி நம் நாட்டுக்கு வாருங்கள். இந்தியாவில் மிகப் பெரிய இசைத்தட்டு விற்பனையாளர்கள் யார்? சாராயக் கம்பெனிகள். டிவியில் மது விளம்பரம் கூடாது என்று விதி வந்த பிறகு, விஸ்கியும் ரம்மும் ஒரே ராத்திரியில் சங்கீத ரசிகர்களாகிவிட்டன. தெருமுனைப் பலகையைப் பாருங்கள். பிராண்டின் பெயர் பனைமர உயரத்தில் இருக்கும். கீழே எறும்பு எழுத்தில் ‘மியூசிக் சிடி’. அந்த சிடியை யாராவது கடையில் கேட்டு வாங்கியிருந்தால் தயவுசெய்து எனக்குத் தெரிவியுங்கள், காலில் விழுகிறேன். சிடி போட ஒரு பெட்டி யார் வீட்டிலும் இல்லாத காலத்திலும் சிடி விளம்பரம் நிற்கவில்லை. அரசாங்கத்துக்கும் தெரியும், குடிப்பவனுக்கும் தெரியும், குழந்தைக்கும் தெரியும். சுயாதீன ராக் திருவிழா என்று போனால் நுழைவாயிலிலேயே ரம் பெயர். மேடையில் ஒருவன் நுகர்வுக் கலாசாரத்தைத் திட்டிப் பாடுகிறான். அவன் நெற்றிக்கு மேலே ஸ்பான்சரின் பெயர் மின்னுகிறது. தமிழுக்கு இதைவிடப் பெரிய கௌரவம்: 2023-ல் கோலா கம்பெனியே ஸ்டூடியோ திறந்து நம் பாட்டை நமக்கு அறிமுகப்படுத்தியது.

அதற்கு முன்பே நமக்கென்று ஒரு சுயாதீன லேபிள் வந்தது. 2021. மாஜா. கனடாத் தமிழர்கள் தொடங்கியது. ஏ.ஆர்.ரஹ்மான் ஆசியோடு வந்தது. சினிமாவுக்கு வெளியே தமிழ்க் கலைஞன் தன் காலில் நிற்கலாம் என்றார்கள். நின்றது முதல் பாட்டு, நிஜமாகவே. மார்ச்சில் வந்த ‘எஞ்சாயி எஞ்சாமி’யைக் கேட்காத காது இல்லை. இசை சந்தோஷ் நாராயணன். பாடியவர்கள் தீயும் அறிவும். எழுதியது அறிவு. இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துவிட்டு வெறுங்கையோடு திரும்பி வந்த தன் பாட்டி வள்ளியம்மாளின் வாழ்விலிருந்து அவர் எடுத்த பாட்டு. நிலம் திருத்தியவனுக்கு நிலம் இல்லை என்பதுதான் அதன் அடிச்சரடு.

அப்புறம் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். அந்த ஆகஸ்டில் ரோலிங் ஸ்டோன் இந்தியா பத்திரிகையின் அட்டையில் தீ இருந்தார், இன்னொரு பாடகர் இருந்தார், அறிவு இல்லை. இயக்குநர் பா.ரஞ்சித் கேட்டார், ஊர் கேட்டது. பிறகு அறிவின் படத்தோடும் ஓர் அட்டை வந்தது. 2022 ஜூலையில் சென்னை செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அதே பாட்டு. அப்போதும் மேடையில் அறிவு இல்லை. 2024 மார்ச்சில் சந்தோஷ் நாராயணன் வீடியோ வெளியிட்டார்: பாட்டு வந்து மூன்று வருஷமாகிறது, வருமானமாக எனக்கு ஒரு பைசா வரவில்லை, ரஹ்மானும் இதில் பாதிக்கப்பட்டவர்தான் என்றார். நிறுவனம் மறுத்து அறிக்கை விட்டது. யார் சொன்னது சரி என்பதைக் கணக்குப் புத்தகம் சொல்லட்டும். அதைத் தீர்ப்பது என் வேலையல்ல. நான் பார்ப்பது வேறு. பல கோடி முறை ஓடிய பாட்டு. எத்தனை முறை ஓடியது என்று உலகத்தின் எந்த மூலையிலிருந்தும் நொடிக்கு நொடி பார்க்கலாம். அதில் வந்த காசு எங்கே போனது என்பது மட்டும் இசையமைத்தவருக்கே தெரியவில்லையாம். கோலாரில் வாளி வாளியாய் மேலே போன பாறையைத் தொழிலாளியும்தான் எண்ணினான்.

சட்டம் இருக்கிறதே என்று சொல்ல ஒருவர் எப்போதும் இருப்பார். இருக்கிறது. 2012-ல் காப்புரிமைச் சட்டத்தைத் திருத்தினார்கள். பாடலாசிரியரும் இசையமைப்பாளரும் ராயல்டிப் பங்கை எழுதிக்கொடுத்தாலும் செல்லாது, அது அவர்களுடையதே என்று தெளிவாகச் சொன்னார்கள். நல்ல சட்டம். குறைந்தபட்சக் கூலிச் சட்டமும் நல்ல சட்டம்தான். மலக்குழியில் ஆளை இறக்கக் கூடாது என்ற சட்டமும் நல்ல சட்டம்தான். இந்த நாட்டில் கெட்ட சட்டத்தால் செத்தவர்களைவிட நல்ல சட்டம் இருக்கும்போதே செத்தவர்கள் அதிகம்.

ஒரு விஷயத்தைச் சொல்லாமல் விட்டால் பாவம். அறிவு முதலில் பாடியது ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ குழுவில். கானா, ராப், ராக், பறை எல்லாம் சேர்ந்த குழு. பா.ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் டென்மாவின் மெட்ராஸ் ரெக்கார்ட்ஸும் சேர்ந்து உருவாக்கினார்கள். 2018 ஜனவரி 6-ல் சென்னை கீழ்ப்பாக்கத்தில் முதல் கச்சேரி. குழுவின் பெயர் அயோத்திதாசப் பண்டிதர் வழி வந்தது; ‘சாதியில்லாத தமிழர்’ என்றவர் அவர்.

அந்தச் சொல் 2018 வரை யார் கையில் பத்திரமாக இருந்தது? பல்கலைக்கழகமா? அகாதெமியா? பண்டிதர் 1907-ல் ராயப்பேட்டையில் ‘ஒரு பைசாத் தமிழன்’ தொடங்கினார். பத்திரிகைக்குக் காசு கொடுத்து வாங்கிப் படித்தவர்களில் தங்கவயல் மாரிக்குப்பத்துச் சுரங்கத் தொழிலாளிகள் முக்கியமானவர்கள். அங்கே சாக்கிய பௌத்த சங்கத்தின் கிளை இருந்தது. 1914-ல் பண்டிதர் காலமானார். சில வருஷ இடைவெளிக்குப் பிறகு ‘தமிழன்’ மறுபடி வந்தது. எங்கிருந்து? கோலார் தங்கவயலிலிருந்து, ஜி.அப்பாதுரையாரை ஆசிரியராகக் கொண்டு. பண்டிதரின் எழுத்துகளைச் சிறு சிறு நூல்களாகப் போட்டது அங்கே இருந்த சித்தார்த்தா புத்தகசாலை. பாறைத்தூசி நுரையீரலை அரிக்க, அடுத்த ஷிஃப்டில் உயிரோடு மேலே வருவோமா என்று தெரியாதவர்கள் கூலியில் கிள்ளிக் கொடுத்த காசில் அச்சு ஓடியது. ஸ்பான்சர் இல்லை. ரம் இல்லை. ஆசி வழங்க ஆஸ்கர் நாயகர் இல்லை. துரை இல்லை, சமஸ்தானம் இல்லை. எழுதியவனும் அச்சடித்தவனும் வாங்கியவனும் ஒரே லைனில் குடியிருந்தார்கள். கணக்கு ஒளித்துவைக்க மாடியே கிடையாது.

தமிழில் சுயாதீன லேபிள் என்று ஒன்று இருந்ததென்றால் அதுதான். அதன் வரலாற்றை எழுத எந்த மினுமினுப் பத்திரிகையும் வரவில்லை. அட்டைப்படமும் போடவில்லை, விடுபடுவதற்குக்கூட ஒரு அட்டை வேண்டுமே.

இன்றைக்குத் தங்கவயல் ராபர்ட்சன்பேட்டைப் பையன் ஒருவன் கிடார் வாசிக்கிறான் என்று வையுங்கள். காலையில் மாரிக்குப்பம் ரயிலில் நூறு கிலோமீட்டர் தொங்கிக்கொண்டு பெங்களூரு வேலைக்குப் போகிறான், ராத்திரி திரும்புகிறான். ஊரே அப்படித்தான் போய்வருகிறது. இந்திராநகர் காபிக் கடையில் ஒரு லேபிள்காரர் அவனைப் பிடிக்கிறார்.

“ப்ரோ, உன் ஊர்க் கதை செம ஸ்டோரி ப்ரோ. தாத்தா மைன்ல செத்தார்னு சொன்னியே, அதை முதல் சரணத்துல வை.”

“காசு எவ்ளோண்ணா?”

“காசு இல்ல ப்ரோ, இது எக்ஸ்போஷர்.”

“எங்க தாத்தாவுக்கும் அதாண்ணா ஆச்சு. தூசி எக்ஸ்போஷர்.”

பிறகு ஒப்பந்தம். இங்கிலீஷில் இருபது பக்கம். இந்த வகை ஒப்பந்தங்களில் கட்டாயம் ஒரு வரி இருக்கும்: உரிமை நிரந்தரமாக, பிரபஞ்சம் முழுவதற்கும். விளையாட்டுக்குச் சொல்லவில்லை, பிரபஞ்சம் என்றே போடுகிறார்கள். செவ்வாய் கிரகத்தில் யாராவது பாட்டைப் போட்டால் அந்தக் காசும் கம்பெனிக்கு. கோலார்ப் பையன் இங்கே ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். 1965-ல் அவன் ஊர்ச் சுரங்கத்துக்குள்தான் விண்கதிர்கள் வழி பிறந்த நியூட்ரினோவை இயற்பியலாளர்கள் பிடித்தார்கள். உலகிலேயே முதல் பதிவுகளில் ஒன்று. பிரபஞ்சம் அவன் வீட்டுக்கு அடியிலேயே வந்து போயிருக்கிறது. நல்லவேளை, அப்போது லேபிள் யாரும் பக்கத்தில் இல்லை.

ஊரின் பக்கத்தில் இன்று நிற்பது சயனைடு மலைகள். தங்கத்தைப் பிரித்த பிறகு கொட்டிய கழிவு மண். மொத்தம் 3 கோடியே 30 லட்சம் டன். காற்றடித்தால் வீட்டுக்குள் வரும், சோற்றில் விழும், மூச்சில் போகும். பல தலைமுறைகள் இதைத் தின்றன. ஒரு அதிகாரிக்கும் சுற்றுச்சூழல் நினைவு வரவில்லை. 2019-ல் ‘கேஜிஎஃப்’ இரண்டாம் பாகத்துக்காக அந்த மலைமேல் செட் போட்டார்கள். செட் போடுவதால் சுற்றுச்சூழல் கெடுகிறது என்று வழக்கு. உள்ளூர்க் கோர்ட் படப்பிடிப்பை நிறுத்தச் சொன்னது. சயனைடு மலையின் இயற்கை எழில் காப்பாற்றப்பட்டது.

இசை வியாபாரத்தில் பழைய சரக்கைத் தூசி தட்டி ‘ரீமாஸ்டர்’ என்று மறுபடி விற்பார்கள். செத்துப்போன பாடகனுக்கு அதில் என்ன கிடைக்கும் என்று கேட்பது அநாகரிகம். அரசாங்கமும் அந்த வித்தையைக் கற்றுக்கொண்டது. 2024 ஜூனில் கர்நாடக அமைச்சரவை ஒப்புதல் கொடுத்தது: 1,003 ஏக்கரில் கிடக்கும் 13 கழிவுக் குவியல்களை ஏலம் விடலாம், மிச்சம் மீதி இருக்கும் தங்கத்தைப் பிரித்தெடுக்கலாம். மத்திய அரசுக்கு மகிழ்ச்சி. மாநில அரசுக்கு மகிழ்ச்சி. வேலைவாய்ப்பு வரும் என்கிறார்கள். 1880-லும் அதைத்தான் சொல்லிக் கூட்டிவந்தார்கள்.

எண்ணூறு டன் தங்கம் போன வழியைக் கேட்க இப்போது யாரிடமும் போக முடியாது. ஜான் டெய்லர் இல்லை, சமஸ்தானம் இல்லை, கடைசியாகச் சுரங்கத்தை நடத்திய அரசுக் கம்பெனி பிஜிஎம்எல் பெயர்ப்பலகையாக நிற்கிறது. ஆனால் இந்தக் குவியல் ஏலம் இனிமேல் நடப்பது. கையெழுத்து இனிமேல் விழுவது. அதனால் ஏலம் விடப்போகும் ஐயாக்களுக்கு ஒரு விண்ணப்பம். ஒப்பந்தத்தை முழுக்கத் தமிழிலும் கன்னடத்திலும் எழுதுங்கள். எடுக்கிறவனுக்கு எவ்வளவு, டெல்லிக்கு எவ்வளவு, பெங்களூருக்கு எவ்வளவு, அந்த மண்ணைத் தின்ற லைன்காரனுக்கு எவ்வளவு என்று நாலு வரியில் போடுங்கள். அதை மாரிக்குப்பம் ரயில் நிலையச் சுவரில் ஒட்டுங்கள். காலை ரயிலுக்கு நிற்கிற கூட்டத்துக்குப் படிக்கத் தெரியும். அவர்களுடைய கொள்ளுத்தாத்தாக்கள் பத்திரிகையே நடத்தியவர்கள்.